பெத்தது ஒன்பது, தக்கினது ஆறு

என் பாட்டிக்குத் தலையை எண்ணினால் பிடிக்காது. கிள்ளானிலிருந்து கப்பார் போகும் சாலையை விட்டு உள்ளே தள்ளி ஒரு ரப்பர்த் தோட்டம். அங்கே லயத்தின் கடைசி வீடு அவளுடையது. பள்ளி விடுமுறைக்குப் போன பேரப்பிள்ளைகள் நாங்கள் வரிசையாகச் சாப்பிட உட்கார்ந்ததும், சித்தி விரலை நீட்டி “ஒண்ணு, ரெண்டு” என்று ஆரம்பிப்பாள். பாட்டி அடுப்படியிலிருந்தே அதட்டுவாள்: “பிள்ளைகள எண்ணாதேடி, கண்ணு பட்டுடும். மங்கை எண்ணு.” மங்கு என்றால் எங்கள் ஊரில் கிண்ணமும்தான், ரப்பர் பால் பிடிக்கும் கோப்பையும்தான். மங்கை எண்ணி அடுக்கினால் பிள்ளைகள் தாமாக வந்து கணக்கில் சேர்ந்துகொள்வார்கள்.

அந்தப் பாட்டியின் பேத்தி பிழைப்புக்குத் தேர்ந்தெடுத்த தொழில் தலையை எண்ணுவது.

நாங்கள் பிரிக்பீல்ட்ஸ்வாசிகள். அப்பா ரயில்வே பட்டறையில் பிட்டர். 1881-இல் தீயும் வெள்ளமும் அடுத்தடுத்து வந்து, அத்தாப்புக் கூரையும் பலகைச் சுவருமாக இருந்த கோலாலம்பூரைத் தின்றுவிட்டன. இனிச் செங்கல்லில்தான் கட்டவேண்டும் என்று அரசாங்கம் தீர்மானித்தபோது அந்தச் செங்கல் வெந்த பேட்டை எங்களுடையது. சூளைக்குப் பிறகு ரயில் வந்தது. ரயிலோடு தண்டவாளம் போட இந்தியத் தமிழரும், கணக்கெழுத யாழ்ப்பாணத்தவரும் வந்தார்கள். ஸ்காட் ரோட்டுக் கந்தசாமி கோயில் இலங்கைத் தமிழர் கட்டியது. எங்கள் குவாட்டர்ஸில் இரு தரப்பும் இருந்தோம். தண்ணீர்க் குழாய் பொது. சாம்பாரும் சொதியும் வேலி தாண்டிப் போய்வரும்.

1980 கணக்கெடுப்பில் நான் தற்காலிகக் கணக்கெடுப்பாளர். மலாயில் ‘பாஞ்சி’ என்பார்கள். ஆகையால் ஊருக்கே நான் பாஞ்சிக்காரப் பெண். பல்கலைக்கழகத்தில் இரண்டாம் ஆண்டு. கையில் பலகை, பென்சில், தோளில் துணிப்பை. எங்கள் வரிசையின் முனை வீட்டில் ஓய்வுபெற்ற ஸ்டேஷன் மாஸ்டர் ஒருவர், யாழ்ப்பாணத்துக்காரர். படிவத்தைக் கண்டதும் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுக் கேட்டார்.

“பிள்ளை, இந்த முறை என்னை எந்தப் பெட்டிக்குள்ள போடப்போறாய்?”

எனக்குப் புரியவில்லை.

“அம்பத்தேழில நான் ‘மற்றவர்’. எழுபதில ‘இந்தியர்’ ஆக்கிப்போட்டாங்கள். நான் வீடும் மாறேல்லை, கோயிலும் மாறேல்லை.”

வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்துவிட்டு வந்தேன். சில ஆண்டுகள் கழித்து அறிக்கைகளை எடுத்துப் பார்த்தபோது, அவர் சொன்னது எழுத்துக்கு எழுத்து சரியாக இருந்தது. 1957 அறிக்கையில் இலங்கைத் தமிழர் ‘மற்றவர்’ என்ற தலைப்பின் கீழ் இருந்தார்கள். 1970-இல் ‘இந்தியர்’ என்ற தலைப்புக்குள் வந்தார்கள். இன்னும் பின்னால் போனால் 1891-இல் தலைப்பே வேறு: ‘தமிழரும் பிற இந்தியச் சுதேசிகளும்’. சார்ல்ஸ் ஹிர்ஷ்மன் என்ற அமெரிக்கச் சமூகவியலாளர் மலாயாக் கணக்கெடுப்புகளின் இனப்பிரிவுகள் எப்படி மாறிமாறி வந்தன என்று 1987-இல் ஒரு கட்டுரை எழுதினார். அதைப் படித்தபோது எங்கள் ஸ்டேஷன் மாஸ்டர் இதை ஒரே மூச்சில் சொல்லி முடித்தாரே என்று தோன்றியது. அட்டவணையில் ஒரு இனத்தின் தொகை கூடியிருந்தால், பிள்ளை பிறந்ததாலா, கப்பல் வந்ததாலா, கோடு இடம் மாறியதாலா என்று கேட்கும் பழக்கம் அவரிடமிருந்துதான் எனக்கு வந்தது.

எம்.ஏ. ஆய்வுக்கு நான் எடுத்துக்கொண்டது கிள்ளான் வட்டாரத் தோட்டங்களின் மக்கள்தொகை வரலாறு. ஜாலான் டூத்தாவில் தேசிய ஆவணக் காப்பகம். காலை பஸ் பிடித்துப் போனால் மாலை மூடும்வரை அங்கேதான். குளிரூட்டிய அறையில் பழைய சிலாங்கூர்ச் செயலகக் கோப்புகள் பழுப்பேறிய நாடாவில் கட்டி வரும். சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு, பென்சிலால் மட்டும் குறிப்பெடுக்க வேண்டும்.

முதலில் பெரிய எண்கள் மயக்கின. கூட்டரசு மலாய் மாநிலங்களில் 1891-இல் இந்தியர் சுமார் 20 ஆயிரம் பேர். 1901-இல் 58 ஆயிரம். 1911-இல் 1 லட்சத்து 72 ஆயிரம். இருபது ஆண்டில் எட்டு மடங்கு. ரப்பர் ஏறிய வேகத்தில் ஆளும் ஏறியிருக்கிறது. இப்படி ஏறுகிற கோட்டைப் பார்த்தால் ஒரு சமூகம் செழித்து வளர்கிறது என்றுதான் எவருக்கும் தோன்றும்.

ஒருநாள் மால்கம் வாட்சனின் கணக்கு கையில் வந்தது. அவர் கிள்ளானின் மாவட்ட மருத்துவராக இருந்தவர். 1901 செப்டம்பரில் சுவெட்டன்ஹாம் துறைமுகத்தைத் திறந்தார்கள். இன்றைக்கு அது கிள்ளான் துறைமுகம். சதுப்பைக் கிளறிக் கட்டிய இடம், திறந்த சூட்டோடு மலேரியா பிடித்துக்கொண்டது. கொசுதான் மலேரியாவைப் பரப்புகிறது என்று ரொனால்டு ராஸ் கண்டுபிடித்துச் சில ஆண்டுகளே ஆகியிருந்த நேரம். வாட்சன் வாய்க்கால் வெட்டிச் சதுப்பை வடித்தார், காட்டைத் திருத்தினார். கிள்ளான் நகரிலும் துறைமுகத்திலும் காய்ச்சலால் இறந்தவர் 1901-இல் 368 பேர். 1902-இல் 59 பேர். ஒரு வாய்க்கால் முந்நூறு உயிரைக் காத்திருக்கிறது.

அந்த வாய்க்கால் ஊரோடு நின்றது. தோட்டத்துக்கு அது போய்ச் சேரப் பல காலம் பிடித்தது. 1911-இல்கூடத் தோட்டத் தொழிலாளரில் 1000 பேருக்கு 60-க்கும் மேற்பட்டோர் ஒரே ஆண்டில் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் கிழவர்களல்லர், வேலைக்கென்று பொறுக்கியெடுத்துக் கப்பலேற்றிய வாலிபர்கள். அன்று அந்த எண்ணை என் நோட்டில் இரண்டு முறை எழுதியிருக்கிறேன். முதல் முறை எழுதியது மறந்துபோய் மறுபடி எழுதினேனா, நம்பமுடியாமல் எழுதினேனா, இப்போது சொல்லத் தெரியவில்லை.

ஒரு தோட்டத்தில் எத்தனை பேர் வந்தார்கள், யார் யாரை மணந்தார்கள், எத்தனை குழந்தை எந்த வயதில் போனது என்று ஆள் ஆளாகத் தொடுப்பதுதான் எங்கள் துறையில் சிறப்பான வேலை. அதற்கு வழிகாட்டிகள் இங்கிலாந்தில் இருந்தார்கள். கேம்பிரிட்ஜில் பீட்டர் லாஸ்லெட்டும் டோனி ரிக்லியும் 1964-இல் ஓர் ஆய்வுக் குழுவைத் தொடங்கினார்கள். ஓய்வுபெற்ற ஆசிரியர்களும் ஆர்வலர்களுமாக ஊர் ஊராகத் தேவாலயப் பதிவேடுகளை நகலெடுத்துக் கொடுத்தார்கள். 404 திருச்சபைகளின் ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் ஆகியவற்றை வைத்து, நாட்டில் கணக்கெடுப்பே இல்லாத இருநூற்றைம்பது ஆண்டுகளுக்கும் மேலான காலத்தின் மக்கள்தொகையைக் கட்டியெழுப்பிவிட்டார்கள்.

படித்துவிட்டுப் பேராசிரியரிடம் போய், “நாமும் செய்யலாம் சார்” என்றேன்.

“எதை வச்சு?” என்றார்.

நியாயமான கேள்வி. எங்கள் மாரியம்மன் கோயிலில் யாருக்கு மொட்டை அடித்தது என்று பதிவேடு கிடையாது. தோட்டத்தில் கிடைத்தவை வேறு. தினம் விடியற்காலைப் பெரட்டில் கிராணி பேர் கூப்பிட்டுக் குறித்த செக்ரோல், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்கொட்டகையின் பால் கணக்கு, தமிழ்ப்பள்ளிச் சேர்க்கைப் புத்தகம், தோட்டத்து ஆஸ்பத்திரி ரெஜிஸ்டர். பாதிக்கு மேல் கறையான் தின்றது. மிச்சத்திலும் ஒரு சிக்கல். இங்கிலாந்துக்காரனுக்குக் குடும்பப்பெயர் உண்டு. பாட்டன் பெயரைப் பிடித்துப் பேரனை எட்டிவிடலாம். எங்கள் செக்ரோலில் ஒரே தோட்டத்தில் பதினோரு முனியம்மாக்கள். அப்பன் பெயர் ராமசாமி என்று சேர்த்துப் பார்த்தால் நான்கு பேர் மிஞ்சுவார்கள். கல்யாணம் ஆனதும் கிராணியின் விருப்பப்படி அப்பன் பெயர் புருஷன் பெயராகும். அடுத்த கிராணி வந்தால் மறுபடி அப்பன் பெயர். ஆனால் தோட்டத்துக்குள் போய்க் கேட்டால் சிக்கலே இல்லை. ஒருத்தி கொண்டை முனியம்மா, ஒருத்தி மூணாம் நம்பர் முனியம்மா, ஒருத்தி சப்பாணி வீட்டு முனியம்மா. அந்தப் பெயர்கள் எந்தப் புத்தகத்திலும் ஏறவில்லை.

ஆகவே 1985-இல் வினாப்படிவத்தோடு லயம் லயமாக இறங்கினேன். வயது கேட்டால் ஐம்பது, அறுபது, எழுபது என்று வட்டமாக வரும். ஐம்பத்தேழு வயது ஆளே அந்தத் தோட்டத்தில் இல்லை. இது எங்கள் சனத்துக்கு மட்டும் உள்ள குறை அல்ல. உலகெங்கும் வயது பதியாத சமூகங்களில் பூஜ்யத்திலும் ஐந்திலும் வயது குவியும். அதற்கு மருந்து, உள்ளூர்ச் சம்பவங்களைக் கோத்து ஒரு நாட்காட்டி செய்துகொள்வது. 1926 பெருவெள்ளம். 1941-இல் கிள்ளான் தோட்டங்களில் நடந்த ஸ்டிரைக். கூலி உயர்வோடு, துரையைக் கண்டால் சைக்கிளை விட்டு இறங்கமாட்டோம் என்பதும் கோரிக்கை. பட்டாளம் சுட்டு ஐவர் இறந்தார்கள், தலைவர் ஆர்.எச். நாதனை நாடு கடத்தினார்கள். பிறகு ஜப்பான்காரன் காலம். மெர்டேக்கா என்ற சுதந்திரம். 1969 மே கலவரம். 1971 வெள்ளம். “ஸ்டிரைக் நடக்கையில உங்களுக்குக் கல்யாணம் ஆயிடுச்சா? கையில பிள்ளை இருந்துச்சா?” என்று கேட்டால் கணக்கு மளமளவென்று வரும். ஸ்டிரைக் என்ற சொல்லுக்கே சில கிழவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

ஜப்பான்காரன் காலம் என்றால் பேச்சு சயாமுக்குப் போய்விடும். “சயாம் சடக்கு போட இட்டுக்கிட்டுப் போனான்” என்று, சயாமிலிருந்து பர்மாவுக்குப் போட்ட ரயில் பாதையைப் பற்றி ஒரு வாக்கியம்; அதற்குப் பிறகு வெற்றிலைப் பெட்டியைத் திறப்பார்கள். இந்தியர் தொகை, சிங்கப்பூரும் சேர்த்து, 1931-இல் சுமார் 6 லட்சத்து 20 ஆயிரம். 1947-இல் சுமார் 6 லட்சம். பதினாறு ஆண்டில், கல்யாணமும் பிள்ளைப்பேறும் நடந்துகொண்டே இருந்த ஒரு சமூகம் குறைந்திருக்கிறது. 1930-களின் மந்தத்தில் லட்சத்துக்கும் மேற்பட்டோரைத் திருப்பி அனுப்பினார்கள். 1938-இல் இந்திய அரசு கூலி ஆட்களை அனுப்புவதை நிறுத்தியது. இவை கோப்பில் உள்ள காரணங்கள். சயாமுக்குப் போனவர்களுக்குக் கோப்பு இல்லை. 1941-இல் எடுத்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு போரால் எடுக்கப்படவே இல்லை. போகும்போது எத்தனை பேர் இருந்தார்கள் என்று எழுதி வைக்காத இடத்தில், திரும்பாதவர் எத்தனை என்று கழிப்பது எப்படி? என் தாத்தாவின் தம்பி அதில் ஒருவர். அவருக்குக் கல்யாணம் பேசி வைத்திருந்தார்களாம்.

படிவத்தில் எனக்கு முக்கியமான கேள்வி பிள்ளைகளைப் பற்றியது. வில்லியம் பிராஸ் என்ற ஸ்காட்லாந்துக்காரர் பிறப்பு, இறப்புப் பதிவே இல்லாத நாடுகளுக்காக ஒரு வழி கண்டுபிடித்தார். தாயிடம் இரண்டு கேள்வி: மொத்தம் பிறந்தது எத்தனை, இப்போது இருப்பது எத்தனை. தாயின் வயதோடு சேர்த்துப் பார்த்தால், அந்த ஊரில் குழந்தைகள் எந்த அளவுக்கு இறந்தன என்று கணித்துவிடலாம். இருபது வீடு முடித்தபோது எனக்குக் கிடைத்த விடைப்படி, எங்கள் தோட்டத்தில் குழந்தைகள் கிட்டத்தட்டச் சாகவே இல்லை. பெற்றதும் ஆறு, இருப்பதும் ஆறு. ஐரோப்பாவைவிட ஆரோக்கியமான தோட்டம்!

அன்று இரவு பாட்டி வீட்டில் தங்கினேன். எண்ணெய் விளக்கு போய் மின்விளக்கு வந்திருந்தது. பாட்டி அதையும் சீக்கிரம் அணைத்துவிடுவாள். வாசல் பெஞ்சில் உட்கார்ந்து பாக்கு இடித்துக்கொண்டிருந்தாள். என் கவலையைச் சொன்னேன்.

“நீ என்னன்னு கேட்ட?”

“எத்தனை பிள்ளைங்கன்னு கேட்டேன்.”

“அப்படிக் கேட்டா இருக்கிறதத்தானே சொல்வாங்க? செத்தது பிள்ளையா?”

“பின்னே எப்படிக் கேக்கணும்?”

பாட்டி உலக்கையை நிறுத்தினாள். “பெத்தது எத்தனை, தக்கினது எத்தனைன்னு கேக்கணும்.”

நான் கொஞ்ச நேரம் பேசவில்லை. பல்கலைக்கழகத்தில் ஒரு பருவம் முழுக்கப் படித்த முறை அது. ஆங்கிலத்தில் எழுதி, மலாயில் பெயர்த்து, நான் தமிழில் கொண்டுவந்த கேள்வியில் ‘பிள்ளை’ என்று போட்டிருந்தேன். தமிழில் பிள்ளை என்றால் முற்றத்தில் ஓடுவது. பெற்றது வேறு, தக்கியது வேறு. எங்கள் பெண்கள் அந்தக் கணக்கை நாவிலேயே வைத்திருக்கிறார்கள். கேட்கத் தெரியாமல் போனவள் நான்.

“சரி, நீங்க பெத்தது எத்தனை பாட்டி?”

“ஒம்போது.”

அம்மாவுக்கு உடன்பிறந்தவர்கள் ஐந்து பேர் என்றுதான் இருபத்தைந்து வயதுவரை அறிந்திருந்தேன். பாட்டி விரல் விட்டு எண்ணவில்லை. இடத்தையும் காலத்தையும் வைத்துச் சொன்னாள். தலைச்சன், பிறந்த மூன்றாம் நாள், பெயர் வைக்கவில்லை, ரப்பர் மரங்களில் ஓடைப் பக்கத்து முதல் நிரையில் புதைத்தது. அடுத்தது அம்மாவுக்கு நேர் மூத்தவள், இரண்டு வயசு, காய்ச்சல், தைப்பூசத்துக்கு மறுநாள். மூன்றாவது ஜப்பான்காரன் காலத்தில். அரிசி இல்லை, மரவள்ளிக்கிழங்குதான். தாய்க்கே பால் இல்லை. “அவன் முகம் உன் மாமன் மாதிரியே இருக்கும்” என்றாள். பிறகு பாக்கை வாயில் போட்டுக்கொண்டு, “தலைய எண்ண வேணாம்னு ஏன் சொல்றேன்னு இப்பத் தெரியுதா?” என்று கேட்டாள். தெரிந்தது.

மறுநாள் படிவத்தைத் திருத்தி எழுதிக்கொண்டு முதல் வீட்டிலிருந்து மறுபடி தொடங்கினேன். பல வீடுகளில் கேள்வி முடியும் முன்பே பதில் வந்தது. சில வீடுகளில் பதில் வர அரை நாள் ஆனது. மாமியார் இருக்கும்போது பேசாதவள், ஆயாக்கொட்டகைப் பக்கம் கூட்டிப்போய்ப் பேசினாள். திட்டத்துக்கு ஒதுக்கிய நாட்கள் தாண்டிவிட்டன. பணத்தைக் கவனித்துக்கொண்ட அலுவலர் சலித்துக்கொண்டார். நான் கேட்டுக்கொண்டே இருந்தேன்.

ஆய்வேட்டின் முன்னுரைக்காகக் கெர்னியல் சிங் சந்துவின் நூலை மறுபடி எடுத்தேன். மலாயா இந்தியரின் குடியேற்றத்தைப் பற்றி 1969-இல் கேம்பிரிட்ஜ் வெளியிட்ட புத்தகம்; எங்கள் துறையில் எல்லோரும் அதில்தான் தொடங்குவார்கள். 1957 வரை மலாயாவுக்கு வந்து இறங்கிய இந்தியர் 40 லட்சத்துக்கும் மேல். திரும்பிப் போனவரைக் கழித்தால் சுமார் 12 லட்சம் பேர் இங்கே தங்கியிருக்க வேண்டும். அவர்களுக்குப் பிறந்தவர்கள் அதற்கு மேல். 1957-இல் எண்ணினால், சிங்கப்பூரும் சேர்த்து, இருந்ததோ சுமார் எட்டரை லட்சம். அதிலும் பாதிக்கு மேல் இங்கேயே பிறந்தவர்கள். நோயும் பாம்புக்கடியும் களைப்பும் பட்டினியும் கொண்டுபோனது மிச்சத்தை என்கிறார் சந்து. அந்தப் பக்கத்தை முன்பு மூன்று முறையாவது படித்திருப்பேன். இந்த முறை பாட்டியின் குரலில் கேட்டது. வந்தது எத்தனை, தக்கினது எத்தனை. தோட்டத்துக் கிழவியும் கேம்பிரிட்ஜ் புத்தகமும் போட்டது ஒரே கழித்தல் கணக்கு. கிழவிக்கு மட்டும் கழிந்தவர்களின் முகம் தெரியும்.

என் ஆய்வேடு அந்த ஒரு தோட்டத்தோடு நின்றது. 214 குடும்பங்கள், குடும்பத்துக்கு ஓர் அட்டை. பரப்பு போதாது என்று ஒரு தேர்வாளர் சொன்னார். இருக்கலாம். அந்தத் தோட்டமும் இப்போது இல்லை. ஷா ஆலம் நகரமே சுங்கை ரெங்கம் தோட்டத்தின் மேல் எழுந்ததுதானே. எங்கள் தோட்டமும் முதலில் செம்பனையாகி, பிறகு தாமான் என்ற குடியிருப்புப் பகுதி ஆனது. லயத்துச் சனம் கிள்ளானைச் சுற்றிய அடுக்குமாடி வீடுகளில் கலந்துவிட்டது. ஓடைப் பக்கத்து முதல் நிரை எங்கே இருந்தது என்று ஒருமுறை போய்த் தேடினேன். கார் நிறுத்துமிடம் என்று நினைக்கிறேன்.

இப்போதெல்லாம் கூட்டங்களில் என்னைப் பேசக் கூப்பிட்டால் ஒரே கேள்விதான் வருகிறது: “நாம அழிஞ்சுக்கிட்டு வர்றோமா?” 1957-இல் மலாயாவில் நூற்றுக்குப் பதினொருவராக இருந்தோம்; 2020-இல் மலேசியக் குடிமக்களில் நூற்றுக்கு ஏழுக்கும் குறைவு. நான் பொறுமையாகச் சொல்வேன். அன்று சபா, சரவாக் கணக்கில் இல்லை. தலைக்கணக்கில் 7 லட்சமாக இருந்தவர்கள் இன்று சுமார் 20 லட்சம். நம் பெண்கள் இப்போது சராசரியாக இரண்டு பிள்ளைகூடப் பெறுவதில்லை, மலாய்க்காரர்கள் அதைவிட அதிகம் பெறுகிறார்கள், ஆகையால் விழுக்காடு இறங்குகிறது. பெற்றது ஒன்று, தக்கினதும் ஒன்று. என் பாட்டி இந்த விழுக்காட்டைக் கேட்டால் அழமாட்டாள் என்பேன். கூட்டத்தில் பாதிப்பேருக்கு இது பிடிப்பதில்லை.

பாட்டி 1994-இல் போனாள். மரணத்தைப் பதிய நான்தான் போனேன். கண்ணாடிக்குப் பின்னாலிருந்த இளைஞர் தலை நிமிராமல் வயதைக் கேட்டார், “ஊமூர்?”

வெள்ளம் வந்த வருஷம் அவள் வயசுக்கு வந்தவள். அதற்கு முந்தின வருஷம் அப்பன் ஆத்தாளோடு நாகப்பட்டினத்தில் கப்பலேறியவள். என் நாட்காட்டியில் வைத்து எத்தனையோ முறை போட்டுப் பார்த்திருக்கிறேன். 79-க்கும் 82-க்கும் நடுவில் எங்கோ நிற்கும். பின்னால் வரிசை நீண்டிருந்தது.

“லாப்பான் பூலோ” என்றேன். எண்பது.

அவர் தட்டச்சு செய்தார். வீட்டுக்கு வந்து அலமாரியிலிருந்த அட்டையை எடுத்தேன். பாட்டியின் வயதுக் கட்டத்தில் பென்சிலால் போட்டிருந்த 79–82-ஐ அப்படியே விட்டேன். கீழே, பிள்ளைகளுக்கான வரிகள் ஒன்பதும் நிரம்பியிருந்தன. முதல் வரியில் பெயருக்கான இடத்தில் ‘ஓடைப் பக்கத்து முதல் நிரை’ என்று என் கையெழுத்தில் இருந்தது.